மேடையேறிய அளவுக்கல்

தவளை, ஆமை, எலி, நண்டு, கொக்கு எல்லாம் சேர்ந்து குடியிருந்த சிற்றேரிக்கரை ஊரை ஒரு வாத்து "குட்டை" என்று சொல்லிவிட்டது. எல்லா வம்பும் அதிலிருந்துதான் வந்தது.

அது ஐப்பசி மாதம். வடக்கேயிருந்து வாத்துக் கூட்டம் ஒன்று பறந்து வந்துகொண்டிருந்தது. ஒவ்வோர் ஆண்டும் அந்த வாத்துகள் பக்கத்திலிருக்கும் பெரிய ஏரியில்தான் போய் இறங்கும். அன்று கூட்டத்தின் தலைவிக்கு மட்டும் இறக்கை வலித்தது. சிற்றேரிக் கரையில் இறங்கி மூச்சு வாங்கினாள்.

"ஏனுங்க, பெரிய ஏரி இன்னும் எவ்வளவு தூரம்? இந்தக் குட்டையைத் தாண்டினதும் வந்துருமா?"

அவள் கேட்டது தவளைத் தலைவர் முழக்கனாரிடம். பேச்சில் யாருக்கும் இடம் கொடுக்காதவர் அவர். அன்று அவருடைய தொண்டை உப்பியது, உப்பியது, உப்பிக்கொண்டே இருந்தது. அதிலிருந்து ஒரு சொல் வெளியே வருவதற்குள் வாத்து பறந்துவிட்டது.

"குட்டையாம்! நம்ம ஏரி குட்டையாம்!"

அந்தச் சொல் ஊரை அரித்தது. நண்டுகள் சண்டை போடும்போதுகூட, "போடா குட்டைக்காரா!" என்று ஒன்றையொன்று ஏசிக்கொண்டன.

உள்ளதைச் சொன்னால், அந்த ஊரில் வெளியூர்க்காரருக்குக் காட்டும்படி அதிகம் இல்லை. கரைமேல் ஓர் ஒற்றைப் பனை. அதில் இடி விழுந்து தலை போய்விட்டது. பனைக்குப் பக்கத்தில் ஒரு மண்குதிரை. மனிதர்கள் எந்தக் காலத்திலோ அய்யனாருக்கு நேர்ந்து வைத்தது. முன்கால் ஒன்று உடைந்து, தொலைந்த காசைத் தேடுவதுபோல் குனிந்து நிற்கும். கரையின் நடுவில் ஒரு பழைய மதகு. அதில் பெருச்சாளி மதகடியார் குடியிருந்தார். கடைசியாக, தண்ணீருக்குள் நிற்கும் அளவுக்கல்.

அந்தக் கல்லில் மூன்று கோடுகள் செதுக்கியிருந்தன. கீழே கால்கோடு, நடுவே இடுப்புக்கோடு, மேலே கழுத்துக்கோடு. தண்ணீர் எந்தக் கோட்டில் நிற்கிறது என்று பார்த்துச் சொல்வது ஆமை மெத்தனாரின் வேலை.

தண்ணீர் கால்கோட்டில் நின்றால் பயமில்லை. இடுப்புக்கோட்டைத் தொட்டால், கரைக்குக் கீழே தாழ்ந்த இடத்தில் இருக்கும் வீடுகளின் வாசலுக்கு வந்துவிட்டது என்று பொருள். மெத்தனார் உடனே "ஏறு! ஏறு!" என்று குரல் கொடுப்பார். தாழ்கரையில் இருக்கும் எலி, மூஞ்சூறு, பிள்ளைப்பூச்சி எல்லாம் குஞ்சு குட்டிகளோடு மேட்டுக்கு ஏறும். மேட்டில் வளை வைத்திருப்பவர்கள் வாசலைத் திறந்து இடம் கொடுக்க வேண்டும். குரல் வந்த பிறகு யாரும் மறுக்கக் கூடாது. குரல் வராமல் யாரும் போய்த் தட்டவும் கூடாது. அது ஊர்க்கட்டு.

கழுத்துக்கோட்டைத் தொட்டால்? அப்போது தாழ்கரை என்று ஒன்று இருக்காது.

காற்றடித்தால் தண்ணீர் கரையோரம் ஏறும், காற்று நின்றால் இறங்கும். கண்ணை நம்ப முடியாது. அதனால், "தண்ணியைப் பார்க்காதே, கல்லைப் பார்!" என்றுதான் அந்த ஊரில் பிள்ளைகளுக்கு முதலில் சொல்லிக்கொடுப்பார்கள்.

மறு ஆண்டு ஆவணியில் ஊர்க்கூட்டம் கூடியது. காக்கை சேதியான் முதலில் எழுந்தான். அவன் எந்த ஊரில் எச்சில் பொறுக்கினாலும் அந்த ஊர்ப் பெருமையையும் சேர்த்துப் பொறுக்கிக்கொண்டு வருவான்.

"பெரிய ஏரியில கல்மண்டபம் இருக்குங்க! தண்ணிக்கு நடுவுல நிக்குது. மேலேருந்து பார்த்தா தாம்பாளத்துல தேங்காய் வெச்ச மாதிரி இருக்கும். அதைப் பார்த்துத்தான் வாத்துங்க இறங்குது. நம்ம ஊரை மேலேருந்து பார்த்தா என்ன தெரியுது? ஒண்ணும் தெரியலை!"

"பனை இருக்கே!" என்றது ஒரு நண்டு.

"தலை இல்லாத பனை. இந்த ஊர்ல தலையை எடுத்துருவாங்கன்னு பயந்து ஓடிருவாங்க."

"குதிரை?"

"எந்தப் போர்ல காலை விட்டுச்சுன்னு கேட்பாங்க. எலி முட்டி விழுந்ததுன்னு சொல்றதா?"

"மதகு?"

மதகடியார் மீசை துடிக்கத் தலையை நீட்டினார். "அது என் வீடுய்யா! கண்டவனும் வந்து எட்டிப் பார்க்க நான் விட மாட்டேன்!"

அவர் வாயைத் திறந்ததும் அடித்த நாற்றத்தில் கூட்டம் மூக்கைப் பொத்திக்கொண்டது. மதகைப் பற்றி அதற்குமேல் யாரும் பேசவில்லை.

"அளவுக்கல் இருக்கு," என்றார் முழக்கனார். "ஆனா பாதி சேத்துல புதைஞ்சு கிடக்கு. தூக்கி நிறுத்தினா என்ன? கீழே ஒரு மேடை கட்டி, மேலே ஏத்தி, வெள்ளையடிச்சு..."

"ஆகா!" என்று இறக்கையைத் தட்டினான் சேதியான். "மண்டபம் என்னங்க மண்டபம்! கோபுரம் மாதிரி நிக்கும்!"

கூட்டத்தின் ஓரத்திலிருந்து வயலெலி செவத்தி எழுந்தாள். தாழ்கரையில் முதல் வளை அவளுடையது.

"தலைவரே, ஒரு சந்தேகம்."

"கேளு தாயி."

"கல்லைத் தூக்கினா கோடும் கூடவே மேல போயிருமே?"

முழக்கனார் கூட்டத்தைப் பார்த்துக் கண் சிமிட்டினார். "கோடு கல்லுல செதுக்கினது தாயி. கல்லு மட்டும் மேலே போய், கோடு கீழேயே நின்னுருமா என்ன? கல்லோடதான் வரும்! பயப்படாதே, ஒரு கோடுகூடக் குறையாது!"

கூட்டம் விழுந்து விழுந்து சிரித்தது. செவத்தியும் சேர்ந்து சிரித்துவிட்டாள். எல்லாரும் சிரிக்கையில் தான் மட்டும் சும்மா நிற்பது அவளுக்குக் கூச்சமாக இருந்தது. தான் கேட்டது சரிதானா என்று அவளுக்கே நிச்சயமில்லை.

மெத்தனாருக்கு நிச்சயமாகத் தெரியும். அவர் ஓட்டுக்குள்ளிருந்து தலையை நீட்டினார். முழக்கனார் திரும்பிப் பார்த்தார்.

"என்ன மெத்தனாரே, ஏதாவது சொல்லணுமா?"

"வேலை நல்லபடியா முடியணும்னு சொல்ல வந்தேன்," என்று சொல்லிவிட்டு அவர் தலையை உள்ளே இழுத்துக்கொண்டார்.

வேலை நல்லபடியாகவே முடிந்தது. வயிறு முட்டக் கோரைக்கிழங்கு தருவதாகச் சொல்லிப் புதரிலிருந்து பன்றியைக் கூட்டிவந்தார்கள். பன்றி மூக்கைக் கொடுத்து நெம்ப நெம்ப, நண்டுகள் அடியில் களிமண்ணையும் சரளையையும் திணித்தன. செவத்தியும் வாயில் கவ்வி ஒரு கூழாங்கல் கொண்டுபோய்ப் போட்டாள். ஒரு கோட்டுக்கும் அடுத்த கோட்டுக்கும் நடுவே எவ்வளவு உயரமோ, அவ்வளவு உயரம் கல் எழும்பி மேடைமேல் நின்றது.

வெள்ளையடிக்கும் பொறுப்பைக் கொக்குகள் ஏற்றுக்கொண்டன. கல்லின் உச்சியில் வரிசையாக உட்கார்ந்து, காலையில் தின்ற மீனைக்கொண்டே அந்த வேலையை முடித்தன.

அப்புறம்தான் எல்லாரும் ஒன்றைக் கவனித்தார்கள். நேற்றுவரை தண்ணீர் கால்கோட்டில் நின்றது. இன்றோ கால்கோட்டுக்கு வெகு கீழே நின்றது.

"தண்ணி இறங்கிருச்சு!" என்று கத்தினான் சேதியான். "கல்லு எழுந்ததும் தண்ணி பயந்து இறங்கிருச்சு!"

ஒரு கொக்கு தயங்கியது. "நேத்து எனக்கு முழங்கால் வரைக்கும் தண்ணி. இன்னைக்கும் முழங்கால் வரைக்கும்தான் இருக்கு..."

"தண்ணி இறங்கியும் முழங்கால் வரைக்கும் இருந்தா என்ன அர்த்தம்?" என்றார் முழக்கனார். "உன் கால் குட்டையாப் போச்சுன்னு அர்த்தம்!"

கொக்குக்குத் தூக்கிவாரிப்போட்டது. அன்று பொழுது சாயும்வரை அது மீன் பிடிக்கவே இல்லை. ஒரு காலைத் தூக்கி மறு காலோடு வைத்து வைத்து அளந்துகொண்டிருந்தது.

"இனிமே நம்ம ஊருக்கு ஒரு பட்டம் வேணும்," என்றான் சேதியான். "வெள்ளம் தொடாத ஊர்! எப்படி இருக்கு?"

தவளைகள் விடியும்வரை அதையே கத்தின.

ஐப்பசி வந்தது. வாத்துகளும் வந்தன. சேதியான் பாதி வானத்திலேயே அவர்களை மறித்துவிட்டான்.

"இறங்குங்கம்மா, இறங்குங்க! வெள்ளம் தொடாத ஊர் இதுதான்!"

தலைவி வாத்து கீழே பார்த்தாள். "இது போன வருஷம் பார்த்த குட்டைதானே?"

"குட்டையா? அந்தக் கல்லைப் பாருங்கம்மா!"

வெள்ளை வெளேரென்று நின்ற கல்லைப் பார்த்ததும் வாத்துகளுக்கு ஆசை வந்துவிட்டது. எல்லாம் இறங்கின. முழக்கனார் கல்லின் உச்சியில் உட்கார்ந்து வரவேற்றார்.

"இது என்ன கல்லுங்க?"

"வெள்ளத்தைக் கட்டிப்போட்ட கல்லும்மா. இதை நிறுத்தின அன்னைக்கே தண்ணி இறங்கிருச்சு. இனிமே எங்க ஊருக்கு வெள்ளமே வராது."

தலைவி வாத்து யோசித்தாள். "நாங்க தண்ணியில மிதக்கறவங்க. வெள்ளம் வராத ஊர் எங்களுக்கு எதுக்குங்க?"

முழக்கனாரும் சேதியானும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். இதை அவர்கள் நினைத்துப் பார்க்கவில்லை.

"அது... சும்மா பார்க்கத்தாங்க," என்றான் சேதியான்.

வாத்துகள் மரியாதை தெரிந்தவை. உடனே கிளம்பினால் நன்றாக இருக்காது என்று சில நாள் தங்கின. அந்தச் சில நாளில் மழை பிடித்துக்கொண்டது.

செவத்தி அப்போது நான்கு குட்டிகள் ஈன்றிருந்தாள். ரோமம் முளைக்காத, கண் திறக்காத குட்டிகள். மழை விடாமல் பெய்தது. ஒரு பகலில் அவளுடைய வளையின் வாசல் மண் இளகிச் சரிந்தது. எட்டிப் பார்த்தாள். ஏரி வாசலில் நின்றது.

குட்டிகளை உள்ளறையில் புல்லால் மூடிவிட்டு, அவள் அளவுக்கல்லுக்கு எதிரே கரையோரம் ஓடினாள். முழக்கனார் வாத்துகளோடு பேசிக்கொண்டிருந்தார். சேதியான் பக்கத்தில் இருந்தான். மெத்தனார் கல்லை ஒட்டி மிதந்துகொண்டிருந்தார்.

"தலைவரே! என் வாசலுக்குத் தண்ணி வந்துருச்சு!"

"மெதுவாப் பேசு தாயி! விருந்தாளிங்க இருக்காங்க."

"பிள்ளைங்களுக்கு இன்னும் கண்ணு திறக்கலைங்க. ஏறச் சொல்லிக் குரல் கொடுக்கச் சொல்லுங்க!"

"மெத்தனாரே! தண்ணி எந்தக் கோட்டுல நிக்குது?"

"கால்கோட்டுல," என்றார் மெத்தனார். அவர் தலை வெளியே வரவில்லை. குரல் மட்டும் வந்தது.

"கேட்டியா? கால்கோடு! பயமில்லை, வீட்டுக்குப் போ!"

"என் கால் நனையுதே!"

"மழையில நடந்து வந்தா கால் நனையாதா? தண்ணியைப் பார்க்காதே தாயி, கல்லைப் பார்!"

"வளையை ஒழுங்காத் தோண்டத் தெரியலை, ஊரைக் குத்தம் சொல்ல வந்துட்டா," என்றான் சேதியான்.

தலைவி வாத்து கழுத்தை நீட்டினாள். "என்னவாம்? எதுக்கு அழுவுது?"

"ஒண்ணுமில்லைங்கம்மா. எங்க ஊர்ல தண்ணி ரொம்பக் குறைஞ்சுபோச்சுன்னு வருத்தப்படுது."

செவத்தி கல்லுக்கு நீந்திப் போனாள். மெத்தனாரின் ஓட்டைப் பிடித்துக்கொண்டாள்.

"ஐயா, எனக்கு உண்மையைச் சொல்லுங்க. இந்தக் கால்கோடு எங்கே நிக்குது?"

மெத்தனார் உள்ளிருந்து மெல்லச் சொன்னார். "முன்னே இடுப்புக்கோடு நின்ன இடத்துல."

"அப்போ குரல் கொடுங்க!"

"தண்ணி எந்தக் கோட்டுலன்னு கேட்டாங்க, சொன்னேன். கல்லு எந்த இடத்துலன்னு யாரும் கேட்கலையே அம்மா."

"நான் கேட்கறேன்!"

"நீ கேட்டா உனக்குத்தான் சொல்ல முடியும். ஊருக்குச் சொல்லணும்னா தலைவர் கேட்கணும்."

"உங்க வீடு உங்க முதுகுல இருக்கு. எந்த வெள்ளம் வந்தாலும் தூக்கிக்கிட்டுப் போயிருவீங்க. என் வீடு மண்ணுக்குள்ள இருக்குதுங்க ஐயா!"

மெத்தனார் கால்களையும் உள்ளே இழுத்துக்கொண்டார். அவள் ஓட்டைத் தட்டிப் பார்த்தாள். வெறும் ஓடு மிதப்பதுபோல் இருந்தது.

செவத்தி வளைக்கு ஓடினாள். தண்ணீர் வாசலைத் தாண்டியிருந்தது. முதல் குட்டியைக் கவ்விக்கொண்டு கரைமேல் ஏறி மதகுக்குப் போனாள். குட்டியைத் தரையில் வைத்துவிட்டுத் தட்டினாள்.

"மாமா! மதகடி மாமா! கொஞ்சம் இடம் கொடுங்க!"

மதகடியார் ஒரு கண்ணை மட்டும் வெளியே வைத்தார். "குரல் கேட்டுச்சா?"

"இல்லை மாமா."

"அப்போ நீ தட்டவே கூடாதே! ஊர்க்கட்டு தெரியாதா?"

"ஒரு மூலை போதும் மாமா. பிள்ளைங்களை மட்டுமாவது..."

"இடம் இல்லைன்னா சொல்றேன்? நாலு குடும்பம் படுக்கலாம். ஆனா இன்னைக்குக் குரல் இல்லாம உன்னை விட்டேன்னா, நாளைக்கு வெயில் அடிச்சாலும் மூட்டையைத் தூக்கிக்கிட்டு வருவீங்க!"

அவர் உள்ளே போய், பின்னங்காலால் மண்ணைத் தள்ளி வாசலை அடைத்தார்.

மழை சாட்டைபோல் அடித்தது. செவத்தி குட்டியைக் கவ்விக்கொண்டு கரைமேல் அங்கும் இங்கும் பார்த்தாள். ஒதுங்க ஓர் இலைகூட இல்லை. தலையில்லாத பனை நின்றது. அதற்குப் பக்கத்தில் நொண்டிக் குதிரை நின்றது. மழை மேலே படாமல் இருக்கட்டும் என்று அவள் குதிரையின் வயிற்றுக்கு அடியில் புகுந்தாள்.

நிமிர்ந்து பார்த்தபோது வயிற்றில் ஒரு துளை தெரிந்தது. சூளையில் வெடிக்காமல் இருக்கக் குயவர் விட்ட துளை. உடைந்த காலின் கட்டையில் தொற்றி ஏறி உள்ளே தலையை விட்டாள். இருட்டாக, காய்ந்து, கதகதப்பாக இருந்தது. எந்தக் காலத்திலோ குருவி போட்ட வைக்கோல்கூடக் கிடந்தது.

முதல் குட்டியை அங்கே படுக்க வைத்தாள். ஓடினாள். இரண்டாவதைக் கொண்டுவந்தாள். மறுபடி இறங்கும்போது பக்கத்து வளை மூஞ்சூறு வாசலில் நின்று பார்த்துக்கொண்டிருந்தாள்.

"எங்கே ஓடறே செவத்தி?"

"மேட்டுக்கு. மண்குதிரை வயித்துல இடம் இருக்கு. நீயும் வா!"

"குரல் வரலையே?"

"தண்ணி வந்துருச்சே!"

"கல்லு என்ன சொல்லுது?"

"கால்கோடுன்னு சொல்லுது."

"அப்புறம் என்ன? குரல் வராம ஏறினா மேட்டுக்காரங்க நம்மளைப் பார்த்துச் சிரிப்பாங்க. நீ போ, நான் குரல் வந்ததும் வரேன்."

செவத்திக்கு நின்று வாதாட நேரமில்லை. பிள்ளைப்பூச்சிகளிடம் கத்திச் சொன்னாள். எறும்புகளிடம் சொன்னாள். சிலர் வந்தார்கள். பலர் கல்லைப் பார்த்தார்கள், அப்புறம் அவளைப் பார்த்தார்கள், அப்புறம் கதவைச் சாத்திக்கொண்டார்கள்.

மூன்றாவது குட்டியை வைத்துவிட்டுத் திரும்பியபோது வளையைக் காணவில்லை. வாசல் இருந்த இடத்தில் தண்ணீர் சுழன்றது. செவத்தி மூச்சைப் பிடித்துக்கொண்டு உள்ளே முங்கினாள். வழி முழுக்கச் சேறு. உள்ளறையின் கூரையில் ஒரு கைப்பிடிக் காற்று மிச்சமிருந்தது. அதில் மூக்கை வைத்தபடி நான்காவது குட்டி புல்லின்மேல் மிதந்துகொண்டிருந்தது. அதைக் கவ்வி இழுத்து வெளியே வந்தபோது செவத்திக்குக் கண் இருண்டது. ஆனாலும் வாயைத் திறக்கவில்லை. குதிரையின் வயிற்றுக்குள் போய், வைக்கோலில் அதை இறக்கி, அது சிணுங்கும் சத்தம் கேட்ட பிறகுதான் வாயைத் திறந்து மூச்சு விட்டாள்.

மழை ஓயவில்லை. மறுநாள் காலையில் தண்ணீர் கல்லின் இடுப்புக்கோட்டைத் தொட்டது. முன்பு கழுத்துக்கோடு நின்ற இடம் அது.

மெத்தனார் விதிப்படி தலையை நீட்டினார். விதிப்படி குரல் கொடுத்தார்.

"ஏறு! ஏறு!"

ஏறியவர்கள் முந்தைய நாளே ஏறியிருந்தார்கள். மற்றவர்களுக்கு அந்தக் குரல் கேட்கவில்லை.

மெத்தனார் இன்னொரு முறை கத்தினார். இன்னொரு முறை. அப்புறம் தன் குரலைத் தானே கேட்கப் பிடிக்காமல் நிறுத்திவிட்டார்.

சற்று நேரத்தில் மண்குதிரையின் அடியில் யாரோ செருமும் சத்தம் கேட்டது. செவத்தி துளை வழியே பார்த்தாள். நனைந்து பாதியாகிப்போன மதகடியார் நின்றார். மதகு வழியே ஏரி பாய்ந்துகொண்டிருந்தது.

"செவத்தி... இடம் இருக்கா தாயி?"

"குரல் கேட்டுச்சா மாமா?"

"கேட்டுச்சே! இப்போதானே மெத்தனார் கொடுத்தார்!"

"அது தாழ்கரைக்காரங்களுக்குக் கொடுத்த குரல். மேட்டுக்காரங்களுக்குக் குரலே கிடையாதே. ஊர்க்கட்டு தெரியாதா மாமா?"

மதகடியார் துளையை எட்டிப் பிடிக்கப் பார்த்தார். தண்ணீர் அவர் வாலை இழுத்தது.

"சரி, வாங்க," என்றாள் செவத்தி. "மூச்சை உள்ளே இழுத்துக்கிட்டு மெதுவா ஏறுங்க. குதிரைக்கு ஏற்கனவே ஒரு கால் இல்லை."

வெளியே வாத்துகள் ஆனந்தமாக நீந்திக்கொண்டிருந்தன. இப்படி ஒரு தண்ணீரை அவை எதிர்பார்க்கவே இல்லை. கல்லின் உச்சியில் முழக்கனார் உட்கார்ந்திருந்தார். தவளையை வெள்ளம் என்ன செய்யும்? அது அவருடைய காலடியைக்கூடத் தொடவில்லை.

தலைவி வாத்து கல்லுக்கு அருகே வந்தாள்.

"தலைவரே, குட்டைன்னு சொன்னது என் தப்புதாங்க. இது நல்ல பெரிய ஏரி! மன்னிச்சுக்குங்க."

ஓராண்டாகக் காத்திருந்த சொல் அது. முழக்கனாரின் தொண்டை மகிழ்ச்சியில் உப்பியது.

"ஆனா ஒண்ணு," என்றாள் வாத்து. "வெள்ளம் தொடாத ஊர்னு சொன்னீங்களே, அந்த ஊர் எங்கே இருக்கு? அதையும் ஒரு தடவை பார்த்துட்டுப் போயிடறோம்."

முழக்கனார் சுற்றிலும் பார்த்தார். எங்கும் தண்ணீர். சேதியானைத் தேடினார். அவன் பெரிய ஏரிப் பக்கம் போய் வெகுநேரமாகியிருந்தது.

மண்குதிரையின் வயிற்றிலிருந்து செவத்தியின் குரல் வந்தது.

"உங்க காலுக்குக் கீழே பாருங்கம்மா! அது மேலதான் நீங்க நீந்தறீங்க!"

வாத்து குனிந்து பார்த்தாள். அப்புறம் அவள் நீந்தவில்லை. கூட்டத்தைக் கூட்டிக்கொண்டு சத்தமில்லாமல் பறந்துவிட்டாள்.

வெள்ளம் வடிந்தது. மார்கழியில் மறுபடியும் ஊர்க்கூட்டம் கூடியது. சேதியானும் திரும்பி வந்திருந்தான். முழக்கனார் கல்லின் உச்சியில் உட்கார்ந்தபடியே பேசினார்.

"இவ்வளவு பெரிய வெள்ளத்துலயும் தண்ணி இடுப்புக்கோட்டைத்தான் தொட்டுச்சு! ஏன்? கல்லோட மகிமை! இன்னும் ஒரு கோட்டு உயரம் தூக்கி வெச்சோம்னா, அடுத்த வருஷம் அதையும் தொடாது!"

"அருமை!" என்று இறக்கையைத் தட்டினான் சேதியான். வேறு யாரும் தட்டவில்லை.

மெத்தனார் தலையை நீட்டினார். இந்த முறை கழுத்து முழுவதும் வெளியே வந்தது.

"தலைவரே, ஒண்ணு சொல்லணும்."

"வேலை நல்லபடியா முடியணும்னுதானே?"

"இல்லை. கல்லு நிக்கற இடம் தப்பு. தூக்கின அன்னைக்கே எனக்குத் தெரியும்."

தாழ்கரைக்காரர்கள் உட்காரும் பக்கம் பாதிக்குமேல் காலியாக இருந்தது. மூஞ்சூறு வழக்கமாக உட்காரும் இடமும் காலி. செவத்தி அந்த இடத்தைப் பார்த்தாள்.

"அன்னைக்கே தெரியும்னா அன்னைக்கே சொல்லியிருக்கணும் ஐயா," என்றாள். "அவளுக்குக் காது நல்லாக் கேட்கும்."

மெத்தனார் தலையை உள்ளே இழுத்துக்கொள்ளவில்லை.

செவத்தி எழுந்து தண்ணீரில் இறங்கினாள். மேடையின் அடியிலிருந்து ஒரு கூழாங்கல்லைக் கவ்வி எடுத்துத் தூரப் போட்டாள். அவள் போட்ட அதே கல்லோ, வேறு கல்லோ தெரியாது. பிள்ளைப்பூச்சிகள் இறங்கிக் களிமண்ணைத் தோண்டின. நண்டுகள் வந்தன. கடைசியில் மதகடியாரும் வந்து, பின்னங்காலால் மண்ணைத் தள்ளினார்.

"ஏய்! என்ன பண்றீங்க? நான் மேல இருக்கேன்ல!" என்று கத்தினார் முழக்கனார்.

யாரும் நிமிர்ந்து பார்க்கவில்லை. மேடை கரையக் கரையக் கல் இறங்கியது. கல்லோடு முழக்கனாரும் இறங்கினார். கடைசிச் சரளை நகர்ந்ததும் கல் பழைய குழியில் தொப்பென்று உட்கார்ந்தது. அந்த ஆட்டத்தில் முழக்கனார் தலைகுப்புறத் தண்ணீரில் விழுந்தார்.

அலை அடங்கியதும் மெத்தனார் பார்த்துச் சொன்னார்.

"இடுப்புக்கோட்டுக்கு ஒரு விரல் கீழே."

வாசலுக்கு இவ்வளவு அருகே தண்ணீர் நிற்பதை அறிந்து, அன்று இரவு தாழ்கரையில் யாரும் தூங்கவில்லை. ஆனால் எல்லாரும் உயிரோடு இருந்தார்கள்.

அடுத்த ஐப்பசியில் வாத்துக் கூட்டம் வந்தது. வழி தெரியாத ஓர் இளம் வாத்து தாழப் பறந்து, கரையில் நின்ற செவத்தியிடம் கேட்டது.

"ஏனுங்க, பெரிய ஏரிக்கு எப்படிப் போகணும்? இந்தக் குட்டையைத் தாண்டணுமா?"

முழக்கனாரின் தொண்டை உப்பத் தொடங்கியது. செவத்தி முந்திக்கொண்டாள்.

"ஆமாங்க! இந்தக் குட்டையைத் தாண்டினதும் நேராப் போங்க!"

அளக்கிற கல்லை உயர்த்தி வைத்து ஊருக்குப் பெயர் தேடலாம்; வருகிற வெள்ளம் அந்தப் பெயரைக் கேட்டுவிட்டுத் திரும்பிப் போகாது.